அடுக்களையும் மொழியும்: அயர்லாந்தின் கோடைக்கால மொழிப் பயணங்கள் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

மொழியொன்றைக் கற்க விரும்புவோர் ஆசிரியரையும் நூலையும் நாடுவர் என்பது நாம் எண்ணிப் பழகிய வழக்கம். ஆனால் மேற்கு ஐரோப்பாவின் ஓரத்தே கிடக்கும் அயர்லாந்துத் தீவில், கடந்த ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக, மொழி கற்க விரும்புவோர் ஊர் விட்டு ஊர் சென்று அந்நியரின் வீடுகளில் உண்டு உறங்கி வருகின்றனர். மூன்று கிழமை, சிலவேளை ஒரு கிழமை, இன்று ஈரிரு நாட்கள்கூட. காலையில் இலக்கணம், மாலையில் ஆட்டமும் பாட்டும், இடையில் அவ்வீட்டு அடுப்பிற் சுட்ட பாண். சுற்றுலாவும் மொழிப்பாடமும் உணவும் ஒன்றுகலந்த இவ்வழக்கம் எவ்வாறு தோன்றிற்று, அதனால் அம்மொழி பெற்றது யாது, இழந்தது யாது என்பவற்றை நோக்குவதே இக்கட்டுரையின் பொருளாகும். மொழியுரிமை பற்றி அதிகம் பேசும் ஒரு சமூகத்தைச் சேர்ந்தவர் என்ற வகையில் இவ்வரலாறு எமக்கு முற்றிலும் அயலானதன்று.

அயர்லாந்து மக்களின் தொன்மொழி ஐரிஷ். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அது பல இலட்சம் உழவரின் அன்றாட மொழியாக விளங்கிற்று. 1831இல் நிறுவப்பட்ட தேசியப் பாடசாலை முறைமை ஆங்கிலத்தையே போதனா மொழியாகக் கொண்டது. பிள்ளையின் கழுத்தில் ஒரு சிறு தடியைத் தொங்கவிட்டு, அது ஐரிஷ் பேசும் ஒவ்வொரு முறையும் அத்தடியில் ஒரு வெட்டு இட்டு, பொழுது சாயும்வேளை வெட்டுகளை எண்ணி அடிக்கும் வழக்கமும் பல இடங்களில் இருந்தது. பெற்றோரும் இதற்கு உடன்பட்டனர் என்பதே கசப்பான உண்மை. ஆங்கிலம் அறியாதவனுக்குக் கப்பலேறிப் பிழைக்க வழியில்லை என்று அவர்கள் கருதினர்.

1845இல் உருளைக்கிழங்குப் பயிரை நோயொன்று தாக்கிற்று. ஏழை உழவரின் உணவு ஏறத்தாழ முழுமையாக அக்கிழங்கையும் மோரையுமே நம்பியிருந்தமையால், அடுத்த சில ஆண்டுகளிற் பத்து இலட்சம் பேரளவில் மாண்டனர். அதனினும் மிக்கோர் நாட்டை விட்டகன்றனர். 1841இல் 81 இலட்சத்துக்கு மேலிருந்த குடித்தொகை 1851இல் 65 இலட்சமாயிற்று. பஞ்சம் மிகக் கொடுமையாகத் தாக்கியது மேற்குக் கரையோர வறியவரை. அவர்களே ஐரிஷ் பேசியோர். எனவே கிழங்கு அழுகியபோது மொழியும் உடன் அழுகிற்று எனலாம். குடிசன மதிப்பீட்டில் மொழிபற்றிய வினா முதன்முதலாகக் கேட்கப்பட்ட 1851இல் ஐரிஷ் அறிந்தோர் 15 இலட்சம் பேர். அவர்களுள் ஆங்கிலமே அறியாதோர் 3 இலட்சத்து 19 ஆயிரத்துக்கு மேற்பட்டோர். 1891இல் அறிந்தோர் 6 இலட்சத்து 80 ஆயிரம். ஆங்கிலம் அறியாதோர் 38,000 அளவினரே. ஒரு மொழியின் வரலாற்றில் உணவின் வரலாறு இத்துணை நேரடியாகக் குறுக்கிட்ட சந்தர்ப்பங்கள் சிலவே.

இச்சூழலிலேதான் 1893இல் டப்ளின் நகரில் கேலிக் கழகம் தோன்றிற்று. அதன் முதற்றலைவர் டக்ளஸ் ஹைட், புரட்டஸ்தாந்து மதகுரு ஒருவரின் மகன். தமது ஊரின் எளிய முதியோரிடம் சிறுவயதிலே ஐரிஷ் மொழியைக் கேட்டுப் பழகியவர். பிற்காலத்தில், 1938இல், அந்நாட்டின் முதற் சனாதிபதியானவர். கழகத்தில் இணைந்தோரிற் பெரும்பாலோர் நகரத்து எழுதுவினைஞரும் ஆசிரியரும் ஆவர். அவர்களுக்கு நூல் கிடைத்தது; வகுப்புக் கிடைத்தது; பேசுவோர் கிடைக்கவில்லை. பேசுவோர் இருந்ததோ மேற்கின் கற்பாறைக் கடற்கரையில். ஐரிஷ் வழங்கும் அப்பகுதிகளைக் கேல்டக்ற் என்பர். அங்கு செல்வதற்கு வழிகாட்டியது மொழிப்பற்று மாத்திரமன்று, புகையிரதமுமாம். வறிய மேற்குப் பகுதிகளை முன்னேற்றும் நோக்குடன் சிறு இருப்புப் பாதைகள் போடப்பட்டன. டிங்கிள் வரை 1891இலும், கிளிவ்டன் வரை 1895இலும் வண்டிகள் ஓடத்தொடங்கின. அரசு சந்தைக்கென இட்ட பாதையில் மொழி கற்போர் சென்றிறங்கினர்.

முதலிற் சென்றோர் தனியாட்கள். நாடகாசிரியர் ஜோன் மில்லிங்ரன் சிங் 1898இல் அறன் தீவுகளுக்குச் சென்றார். பின்னரும் பல கோடைகள் சென்றார். நோர்வே நாட்டு மொழியறிஞர் கார்ல் மார்ஸ்ற்றாண்டர் 1907இல் பெரிய பிளாஸ்கற் தீவில் ஐந்து மாதம் தங்கினார். அவருக்குக் கற்பித்தவர் தொமாஸ் ஓ கிறோகன் என்னும் மீனவர். பகல் முழுதும் கடலிலும் வயலிலும் உழைத்தபின் பாடஞ் சொன்ன இம்மனிதர், தமது மொழியை எழுதவும் வாசிக்கவும் நடுவயதில்தான் பழகியவர். பிரித்தானிய நூதனசாலையைச் சேர்ந்த றொபின் பிளவர் 1910இல் வந்தார். தீவார் அவருடைய பெயரையே மொழிபெயர்த்துச் 'சிறு மலர்' என்று பொருள்பட அழைத்தனர். ஓ கிறோகன் தம் வாழ்க்கையை எழுதிய நூல் 1929இல் வெளியாயிற்று. அதை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தவரும் பிளவரே. மாணவன் வந்ததால் ஆசிரியன் எழுத்தாளனான வரலாறு இது.

ஆயினும் திரளாகச் செல்லும் முறை 1904ஆம் ஆண்டின் கோடையிலே தொடங்கிற்று. கோர்க் மாவட்டத்துப் பலிங்கியரி என்னும் சிற்றூரில் மன்ஸ்ரர் கல்லூரி என்ற பெயரிற் கோடைக் கல்லூரியொன்று நிறுவப்பட்டது. பாடசாலைகளில் ஐரிஷ் கற்பிக்கவேண்டிய ஆசிரியர்க்குப் பயிற்சி அளிப்பதே அதன் நோக்கம். அடுத்த ஆண்டு மேயோ மாவட்டத்துத் தூர்மகேடியிலும், பின்னர் வடக்கே டொனிகோலிலும் இத்தகைய கல்லூரிகள் எழுந்தன. விடுதிகள் இல்லாமையால் மாணவர் ஊரவர் வீடுகளிலேயே தங்கவேண்டியிருந்தது. இதனைத் திட்டமிட்ட கல்விமுறை என்று சிலர் பாராட்டுவர். எமக்கோ இது வசதியின்மை தந்த வரம் என்றே தோன்றுகிறது. விடுதி கட்டப்பட்டிருக்குமாயின் நகரத்தார் தமக்குள் ஆங்கிலம் பேசிக்கொண்டே விடுமுறையைக் கழித்திருப்பர்.

ஊரவர் வியப்படைந்திருப்பர் என்பதில் ஐயமில்லை. எந்த மொழிக்காகத் தம் பிள்ளைகள் பாடசாலையில் அடிவாங்கினரோ, அதே மொழிக்காகக் கோட்டணிந்த கனவான்கள் காசு கொடுத்து வந்து நின்றனர்.

இவ்வீடுகளின் தலைவியைப் 'பான் அ டீ' என்பர். 'இல்லத்தின் பெண்' என்பது அதன் பொருள். வரலாற்று நூல்கள் கழகத் தலைவர்களையும் கல்லூரி அதிபர்களையும் அறிஞர்களையும் பெயர் சொல்லிப் போற்றுகின்றன. ஆனால் வகுப்பு முடிந்து பசியோடு வந்த மாணவனுக்கு முதல் வாக்கியத்தை வாய்வரச் செய்தவள் இப்பெண்ணே. 'உப்பைத் தா', 'கதவைச் சாத்து', 'இன்னும் கொஞ்சம் கிழங்கு வேண்டுமா' என்பன இலக்கண நூலின் முதற்பாடத்தில் வருவனவல்ல. ஒரு மொழியில் வாழ்வதற்கு முதலில் வேண்டியன இவையே. எத்தனை ஆயிரம் பேருக்கு அவள் மொழி கொடுத்தாள் என்பதற்குக் கணக்கில்லை. பெயர் நிலைத்தவர் மிகச் சிலர். அவர்களுள் ஒருவர் பிளாஸ்கற் தீவின் பெக் சேயர்ஸ். இளமையில் டிங்கிள் நகரில் வீட்டு வேலைக்காரியாக இருந்தவர். 1936இல் வெளிவந்த அவருடைய சுயசரிதை, அவர் வாயாற் சொல்ல மகன் எழுதியது.

இனி அவ்வடுப்பைச் சிறிது அணுகி நோக்குவோம். மரமரிதான அப்பகுதியில் விறகில்லை. சதுப்பு நிலத்தில் வெட்டி உலர்த்திய முற்றா நிலக்கரிக் கட்டிகளே எரிபொருள். சோடாப் பாண் என்பது அங்கு இன்றும் வீட்டுக்கு வீடு சுடப்படுவது. கோதுமை மா, உப்பு, அப்பச்சோடா, மோர் ஆகிய நான்கே அதற்கு வேண்டியவை. மோரின் புளிப்பும் சோடாவும் சேர்ந்தவுடன் வாயு எழுந்து மாவைப் பொங்கச் செய்யும். ஆகையால் நொதிக்கவிட்டுக் காத்திருக்க வேண்டியதில்லை. அழுத்திப் பிசைந்தாற் கல்லாகிவிடும். விரலாற் கூட்டித் திரட்டி, மேலே சிலுவைக் குறியாகக் கீறி, கனத்த இரும்புச் சட்டியிலிட்டு மூடி, மூடியின்மேலும் தணல் பரப்பிச் சுடுவர். அயர்லாந்தின் கோதுமை மென்மையானது. ஈஸ்ற் இட்ட பாணுக்கு அது அவ்வளவாகப் பொருந்துவதில்லை. சோடாவுக்கு நன்கு பொருந்தும்.

இப்பாணைத் தொன்மையான உணவு என்று பயணிகள் கொண்டாடுகின்றனர். ஆனால் அப்பச்சோடா அந்நாட்டு அடுக்களைக்கு வந்தது பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பாதியில்தான். உருளைக்கிழங்கோ தென்னமெரிக்காவிலிருந்து வந்தது. இதைச் சுட்டி அவர்களை நகைக்க எமக்கு உரிமையில்லை. எமது ஒடியற்கூழிலிருந்து மிளகாயையும் மரவள்ளியையும் எடுத்துவிட்டால் எஞ்சுவதை எமது பாட்டிமார் கூழென்று ஒப்புவரோ? அவையிரண்டும் போர்த்துக்கேயர் காலத்துக்கு முன் எம்மிடம் இல்லாதவை. பாரம்பரியம் என்பது பெரும்பாலும் நாம் நினைவிற் கொண்டுள்ள மிக மூத்த பாட்டியின் சமையலே.

மொழியும் சமையலும் ஒன்றையொன்று எவ்வாறு தாங்கின என்பதற்கு வெண்ணெய் கடையும் வழக்கம் தக்க சான்றாகும். வெண்ணெய் கடையும் வீட்டுக்குள் எவர் நுழைந்தாலும், அவர் விருந்தினராயினும் வழிப்போக்கராயினும், மத்தைப் பிடித்துச் சில முறை இடித்துவிட்டே செல்லவேண்டும். இல்லையேல் வெண்ணெயின் பேறு அவரோடு போய்விடும் என்பது நம்பிக்கை. உள்ளே வரும்போது 'பல் ஓ யீயா எர் அன் உபர்', அதாவது 'இவ்வேலைமீது இறையருள் பொலிக' என்று சொல்வதும் கட்டாயம். மொழி கற்க வந்தவன் இவ்வாக்கியத்தை எழுதி மனனஞ் செய்யவில்லை. சொல்லாமல் நுழைந்தால் வீட்டார் முகஞ் சுளிப்பர் என்பதாற் கற்றான்.

இவ்வழக்கங்களிற் பல எமக்கு இன்று தெரியவருவது 1935இல் அமைக்கப்பட்ட ஐரிஷ் நாட்டாரியல் ஆணைக்குழுவினாலாகும். 1937 முதல் 1939 வரை அக்குழு ஏறத்தாழ 50,000 பாடசாலைப் பிள்ளைகளைத் தம் வீட்டு முதியோரிடம் அனுப்பிற்று. கிழங்கு நடுவது எப்படி, வெண்ணெய் கடைவது எப்படி, பண்டிகைக்கு என்ன உண்பர் என்றெல்லாம் கேட்டு அப்பிள்ளைகள் கொப்பிகளில் எழுதினர். எமது பாடசாலைகளில் இத்தகைய வேலையொன்று ஒரு தவணையேனும் நடந்திருக்குமாயின் இன்று எத்தனை ஊர்களின் பேச்சு எம்மிடம் இருந்திருக்கும் என்று எண்ணாமல் இருக்க முடியவில்லை.

1922இல் சுயாட்சி பெற்ற அயர்லாந்து அரசு ஐரிஷ் மொழியைத் தேசிய மொழியாக்கிற்று. 1930களில் கேல்டக்ற் பகுதியில் ஐரிஷ் பேசும் பாடசாலைப் பிள்ளைகளுக்குத் தலைக்கு இரண்டு பவுண் வழங்கும் திட்டம் வந்தது. பரிசோதகர் வந்து பிள்ளையைப் பேசவைத்துப் பார்த்தே பணம் கொடுப்பர். 1956இல் இப்பகுதிகளுக்கென ஓர் அமைச்சுத் திணைக்களமே உருவாயிற்று. அவ்வாண்டு எமது நாட்டின் மொழிவரலாற்றில் எதற்காக நினைவுகூரப்படுவது என்பதை வாசகர்க்கு விரித்துரைக்க வேண்டியதில்லை. கோடை மாணவரை ஏற்கும் வீடுகளுக்கும் மாணவர் தொகைக்கும் நாட்களுக்கும் ஏற்ப உதவிப்பணம் கிடைக்கலாயிற்று. அவ்வீட்டின் மொழி ஐரிஷாக இருத்தல் அதற்கு நிபந்தனை. இவ்வாறு மொழியே ஒரு விளைபொருளாயிற்று. இதனை இழிவென்று கூறுவோர் உளர். மீனும் கிழங்கும் தவிர வேறு வருவாயற்ற வீட்டில் கோடை மூன்று மாதமும் பத்துப் பிள்ளைகளுக்குச் சோறிட்டுப் பெறும் பணம் ஒரு குடும்பம் கப்பலேறாமல் இருக்கப் போதுமாயிருந்தது. பேசுவோர் போய்விட்டால் பேச்சு எங்கே நிற்கும்?

நிற்கவில்லை என்பதற்குப் பெரிய பிளாஸ்கற்றே சாட்சி. உலகின் அறிஞர்கள் தேடிவந்த அத்தீவில் 1953இல் எஞ்சியிருந்தோர் 22 பேர். மருத்துவரோ மதகுருவோ கடையோ இல்லாத நிலையில் அவ்வாண்டு அரசு அவர்களைப் பெருநிலத்துக்குக் குடிபெயர்த்தது. அறிஞரின் புகழ் தீவுக்கு ஒரு நிரந்தர மருத்துவரைக் கொண்டுவரவில்லை.

இதற்கு மாறான ஒரு கதை டொனிகோலின் கிளென்கொலம்கில் பள்ளத்தாக்கில் நிகழ்ந்தது. 1951இல் அங்கு பங்குக் குருவாக வந்த ஜேம்ஸ் மக்டையர், இளைஞர் யாவரும் ஊரைவிட்டு ஓடுவதைக் கண்டு, கூட்டுறவு முயற்சிகளைத் தொடக்கினார். 1967இல் பழைய ஓலைக்கூரை வீடுகளைக் கொண்ட நாட்டார் கிராமமொன்றை ஊரார் கைகளாலேயே கட்டுவித்துப் பயணிகளுக்குத் திறந்துவிட்டார். 1984இல் அதே பள்ளத்தாக்கில் இடியஸ் கேல் என்னும் நிறுவனம் வளர்ந்தோர்க்கான குறுகிய மொழி வகுப்புகளைத் தொடங்கிற்று. மொழியோடு நடனம், மலைநடை, நெசவு போன்றவற்றையும் சேர்த்து வழங்கும் இம்முறை பின்னர் பரவலாயிற்று. பாண் சுடக் கற்பிப்பதும் இன்று அயர்லாந்து செல்லும் பயணிகளுக்குச் சாதாரணமாகக் கிடைக்கும் ஒரு நிகழ்ச்சி. ஒன்றரை மணிநேரத்தில் ஒரு பாணும் பத்துச் சொற்களும். இச்சுருக்கத்தை முற்றாக இகழ யாம் துணியோம்; ஆனால் பத்துச் சொற்களோடு திரும்புபவர் எதையோ காத்துவிட்டதாக எண்ணிக்கொள்வதே இதன் அபாயம்.

பிள்ளைகளின் கோடைக் கல்லூரிகளில் ஒரு கடும் விதி உண்டு. ஆங்கிலம் பேசினால் எச்சரிக்கை. திரும்பத் திரும்பப் பேசினால் வீட்டுக்கு அனுப்புவர். கழுத்தில் தடி தொங்கிய காலத்தை அறிந்தோர்க்கு இவ்விதி வியப்பூட்டும். தண்டனை அப்படியே இருக்க, தண்டிக்கப்படும் மொழி மட்டும் மாறியுள்ளது. எனினும் இவ்விரண்டையும் ஒன்றென்று கூறல் பொருந்தாது. முன்னது பிள்ளையின் வீட்டு மொழியைப் பறித்தது. பின்னது மூன்று கிழமைக்கு அதன் பாட்டனின் மொழியைத் திருப்பிக் கொடுக்க முயல்கிறது.

எனது வீட்டில் நிகழ்ந்த ஒன்றை ஈண்டுக் குறிப்பிடுதல் பொருந்தும். ஓர் ஆவணி விடுமுறையில் கனடாவிலிருந்து அண்ணாவின் பிள்ளைகள் இருவர் யாழ்ப்பாணம் வந்து மூன்று கிழமை நின்றனர். 'தமிழ் பழகிக்கொண்டு வரட்டும்' என்பதே அண்ணாவின் வேண்டுகோள். அரிச்சுவடியும் வாங்கி வைத்திருந்தோம். அவர்கள் பழகியது அரிச்சுவடியிலன்று. பெரியம்மா பிட்டு அவிக்கும்போது அருகிருந்து, 'மாவைக் குழை', 'தேங்காய்ப்பூப் போடு', 'நீத்துப்பெட்டியை இறக்கு' என்ற ஏவல்களைக் கையாற் செய்து செவியாற் பழகினர். மூன்றாம் கிழமை மூத்தவள் தம்பியைப் பார்த்து, 'சுளகை எடடா' என்று பெரியம்மாவின் குரலிலேயே அதட்டினாள். வீடு சிரித்தது. ஆனால் எனக்குப் பின்னர் உறைத்த செய்தி வேறு. பல்கலைக்கழகத்தில் தமிழ் பயிலும் நான் அம்மூன்று கிழமையும் அவர்களோடு ஆங்கிலமே பேசியிருந்தேன். அவர்களுக்கு விளங்கவேண்டும் என்பது நான் சொல்லிக்கொண்ட காரணம்; எனது ஆங்கிலத்தைக் காட்டவேண்டும் என்பது உள்ளிருந்த காரணம். அவர்களோடு தமிழ் மட்டுமே பேசியவர் ஆங்கிலம் தெரியாத பெரியம்மா ஒருவரே.

அயர்லாந்தில் அத்தகைய பெரியம்மாக்கள் இன்றில்லை. ஐரிஷ் மட்டுமே அறிந்த தலைமுறை மறைந்துவிட்டது. இல்லத்தலைவிகள் அனைவரும் இருமொழியினர். அவர்கள் ஐரிஷ் பேசுவது ஒவ்வொரு முறையும் ஒரு தெரிவு, வேறு வழியின்மையன்று. 2022ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி ஐரிஷ் பேசத்தெரியும் என்றோர் 18 இலட்சத்து 70 ஆயிரத்துக்கு மேற்பட்டோர். பாடசாலைக்கு வெளியே நாள்தோறும் பேசுவோர் ஏறத்தாழ 72,000 பேரே. அவர்களுள் கேல்டக்ற் பகுதியில் வாழ்வோர் 20,000 சொச்சம். முதலாம் எண்ணுக்கும் மூன்றாம் எண்ணுக்கும் இடையிலுள்ள தூரம் கோடைக் கல்லூரிகளின் வெற்றியையும் தோல்வியையும் ஒருங்கே காட்டுவது.

ஆண்டுதோறும் ஏறக்குறைய 25,000 பிள்ளைகள் இக்கல்லூரிகளுக்குச் செல்வது வழக்கம். கொவிட் நோய் காரணமாக 2020, 2021 ஆகிய இரு கோடைகளும் அவை மூடிக்கிடந்தன. மீண்டும் திறக்கப்பட்டபோது பல வீடுகள் மாணவரை ஏற்க முன்வரவில்லை. முதிய இல்லத்தலைவிகள் அவ்விரு ஆண்டுகளில் ஓய்வின் சுவையறிந்துவிட்டனர். அவர்தம் மருமக்களோ வெளியே தொழில் பார்ப்பவர். காலை ஆறு மணிக்கு எழுந்து பத்துப் பிள்ளைகளுக்குச் சமைத்து, துவைத்து, இரவு அவர்கள் உறங்கும்வரை விழித்திருக்கும் வேலைக்கு அரசு தரும் நாட்கூலி போதாது என்பது அவர்களின் முறைப்பாடு. அது நியாயமானதே. மொழித் தொண்டு என்ற பெயரில் ஒரு நூற்றாண்டாகக் குறைந்த விலைக்கு வாங்கப்பட்டது பெண்ணின் உழைப்பாகும்.

இதனோடு இன்னொரு சிக்கலும் சேர்ந்துள்ளது. கடற்கரைக் காட்சிக்காக நகரத்தார் அங்கு விடுமுறை இல்லங்களை வாங்குகின்றனர்; வாடகை வீடுகள் பயணிகளுக்கென நாட்கணக்கில் விடப்படுகின்றன. விலை ஏறியமையால் அவ்வூரிற் பிறந்து ஐரிஷ் பேசும் இளந்தம்பதியர்க்குக் குடியிருக்க வீடு கிடைப்பதில்லை. வீடு வேண்டும் என்று அவர்கள் ஊர்வலம் செல்கின்றனர். மொழி கேட்கவும் பாண் சுடவும் பயணி வந்திறங்கும் அவ்வூரில், கோடை முடிந்ததும் பூட்டிக்கிடக்கும் வீடுகள் பல.